விமர்சகர் பொழுதியல்

பாயிரம்

தமிழில் எதற்கும் இலக்கணம் உண்டு. எழுத்துக்கு உண்டு, சொல்லுக்கு உண்டு, யானைக்கும் குதிரைக்கும் உண்டு. பல்லி எந்தப் பக்கம் விழுந்தால் என்ன பலன் என்பதற்குக்கூடப் பஞ்சாங்கத்தில் அட்டவணை இருக்கிறது. வெள்ளிக்கிழமைதோறும் பிறந்து ஞாயிற்றுக்கிழமைக்குள் ஊரையே இரண்டு கட்சியாக்கிவிடும் சினிமா விமர்சகருக்கு மட்டும் இலக்கணம் இல்லை. அக்குறை நீக்க எழுந்தது இச்சிறுநூல்.

முன்னோர் வகைப்பாடு ஒன்றுமே இல்லை என்பதற்கில்லை. தயாரிப்பாளர் மரபில் விமர்சகர் இருவகைப்படுவர்: நம்ம ஆள், வேண்டாதவன். ரசிகர் மன்ற மரபிலும் இருவகை: தலைவர் படத்தைப் புகழ்ந்தவர், காசு வாங்கியவர். விமர்சகர்கள் தாமே வகுத்துக்கொண்ட மரபில் வகை ஒன்றுதான்: தாம். ஏனையோரை அவர்கள் கணக்கில் எடுப்பதில்லை. இம்மூன்று வகைப்பாடும் குற்றமுடையன. ஒரே ஆள் ஒரே வாரத்தில் மூன்றிலும் மாறி மாறி விழுகிறார். வகை நிற்க வேண்டுமானால் அளவுகோல் நிற்க வேண்டும். நிற்கிற அளவுகோலாக இத்துறையில் நமக்குக் கிடைத்தது, ஓடிக்கொண்டே இருக்கிற கடிகாரம் ஒன்றுதான்.

முதற்பொருள்

நூற்பா: சுவையால் பிரியார், பொழுதால் பிரிவர்.

உரை: விமர்சகர்களைப் பிரிப்பது ரசனை என்று உலகம் எண்ணுகிறது, அன்று. படம் வெளியான நேரத்துக்கும் அவர் வாய் திறக்கும் நேரத்துக்கும் உள்ள இடைவெளியே அவரை இன்னார் என்று ஆக்குகிறது. நம் முன்னோர் ஒரு நாளைப் பத்துப் பத்து நாழிகையாக அறுத்து ஆறு சிறுபொழுது வைத்தார்கள். விமர்சகரும் அவ்வாறே அறுவகையர்: வைகறையார், காலையார், நண்பகலார், எற்பாட்டார், மாலையார், யாமத்தார். இவற்றுள் முன் மூன்றும் கடிகாரப் பொழுது. பின் மூன்றும் ஆகுபெயர்ப் பொழுது. எற்பாடு என்றால் மறுநாள், மாலை என்றால் மறுவாரம், யாமம் என்றால் படத்தில் நடித்தவர் பலர் காலமான பிறகு.

வைகறையார்

வைகறை இரவு இரண்டு மணிக்குத் தொடங்கி ஆறு மணிக்கு முடிவது. தமிழ்நாட்டின் புகழ்பெற்ற நாலு மணிக் காட்சி இதன் நட்ட நடுவில் அமைந்திருந்ததை நோக்குக. வைகறையார் இருட்டில் வாழ்பவர். கையில் செல்போன் வெளிச்சம் மட்டும் தெரியும். டைட்டில் கார்டுக்கு ஒரு பதிவு, அறிமுகப் பாட்டுக்கு ஒன்று, இடைவேளைக்கு ஒன்று. ‘முதல் பாதி தீ’ என்பது இவர்தம் நீண்ட கட்டுரை. படத்தின் முடிவு வருமுன்னரே தம் முடிவைச் சொல்லிவிடுதல் இவர்க்குச் சிறப்பிலக்கணம்.

2023 பொங்கலுக்கு ‘துணிவு’ம் ‘வாரிசு’ம் ஒரே நாளில் வந்தபோது, சென்னைக் கோயம்பேட்டில் தியேட்டர் வாசல் கொண்டாட்டத்தில் ஓர் இளைஞர் லாரியிலிருந்து விழுந்து உயிரிழந்தார். அதன்பின் விடியற்காலைக் காட்சிக்கு அரசு அனுமதி நின்றது. அவ்வாண்டு அக்டோபரில் ‘லியோ’ வந்தபோது காலை ஒன்பது மணிக்குத்தான் முதல் காட்சி. அத்துடன் வைகறை இனம் அழிந்தது என்று சிலர் எழுதினர். அழியவில்லை, இடம்பெயர்ந்தது. பாலக்காட்டில் நாலு மணிக்கே திரை விலகியது. அமெரிக்காவில் முதல் நாள் இரவே பிரிமியர் காட்சி உண்டு. இன்று மதுரைக்காரர் பல் துலக்குமுன் படம் தேறுமா தேறாதா என்று சொல்பவர் நியூ ஜெர்சியில் இராச்சாப்பாட்டை முடித்தவர். பொழுது அவருக்கு இரவு, நமக்கு வைகறை. இலக்கணம் கேட்பவர் பக்கத்துப் பொழுதையே கொள்ளும்.

காலையார்

இவர்க்கு நிலம் தியேட்டர் வாசல், கருப்பொருள் மைக், பறை பட்டாசு. ‘படம் எப்படி இருக்கு?’ என்று கேட்கப்படும்போது பிறந்து, ‘வேற லெவல்’ என்று சொல்லி மறைபவர். ஆயுள் பதினைந்து விநாடி. இவருள் உட்பிரிவு மூன்று: தோளில் துண்டோடு ஆடுபவர், டிக்கெட் காசைத் திருப்பிக் கேட்பவர், எது கேட்டாலும் கேமராவைப் பார்த்து அம்மாவுக்குக் கையசைப்பவர். மூன்றாமவரே நடுநிலையாளர்.

இந்த எளிய உயிரினத்தைக் கண்டுதான் பல கோடி முதல் போட்டவர்கள் நடுங்கினார்கள் என்பது வியப்பு. 2024 நவம்பரில் ‘கங்குவா’ வெளியானபின், தியேட்டர் வளாகத்துக்குள் யூடியூப் சேனல்களை விட வேண்டாம் என்று தயாரிப்பாளர் சங்கம் திரையரங்கு உரிமையாளர்களைக் கேட்டுக்கொண்டது. விளைவு எளிது: முன்பு கேட்டுக்கு உள்ளே நின்ற காலையார் இப்போது கேட்டுக்கு வெளியே நிற்கிறார்.

நண்பகலார்

முதல் காட்சி முடியும்போது மணி பன்னிரண்டு. இரண்டு மணிக்குள் வீடியோ ஏறிவிட வேண்டும். இடைப்பட்ட இரண்டு மணி நேரத்தில் வீட்டுக்கு வந்து, விளக்கைப் போட்டு, சட்டை மாற்றி, கதையைச் சொல்லி, திட்டி, முகத்தைக் கோணலாக்கி ஒரு படம் எடுத்து முகப்பில் ஒட்டி, சேனலைச் சப்ஸ்கிரைப் செய்யச் சொல்ல வேண்டும். யோசிப்பதற்கு இந்த அட்டவணையில் தனி நேரம் இல்லை. அதனால் யோசனையை முன்கூட்டியே, டிரெய்லர் வந்த அன்றே செய்துவைத்துக்கொள்வது இவர் வழக்கம்.

நண்பகலார் உச்சி வெயிலைப் போல எல்லார் தலையிலும் ஒரே சூட்டில் இறங்குபவர். பாராட்டினால் பார்ப்பவர் எண்ணிக்கை குறைகிறது, வறுத்தெடுத்தால் ஏறுகிறது. சந்தையில் எது விலைபோகிறதோ அதைத்தானே கூடையில் வைப்பார்கள்? எனவே இவர் கோபம் குணம் அன்று, தொழில்.

எற்பாட்டார்

இவர் நாளிதழ்க்காரர். இவர்க்கு நிலம் பிரிவியூ தியேட்டர். சாலிகிராமம் பிரசாத் லேப் போன்ற இடத்தில், பத்திரிகையாளர் காட்சி. வாசலில் பிஆர்ஓ பெயர் சொல்லி வரவேற்பார். இடைவேளையில் சமோசா, காபி. படம் முடிந்து வெளியே வந்தால் இயக்குநர் நேராக நின்று கைகூப்புவார். அந்த முகத்தைப் பார்த்துவிட்டு அலுவலகம் போய் உண்மையை எழுதுவது கடினம். அதே பக்கத்தின் அடியில் அதே படத்தின் விளம்பரம் வரப்போகிறது என்பதையும் சேர்த்துக்கொண்டால் மேலும் கடினம். இந்த இரு நெருக்கடிக்கும் நடுவே எற்பாட்டார் கண்டுபிடித்ததே தனிமொழி. அதன் அகராதியை இங்கே தருவது கடன்.

‘தன் பங்கைச் சரியாகச் செய்திருக்கிறார்’: நடிகர் பெயர் பிஆர்ஓ கொடுத்த தாளில் இருந்தது, முகம் நினைவில்லை.

‘வந்து போகிறார்’: கதாநாயகிக்கே உரிய வினை. நாயகனுக்கு வாராது.

‘ஒளிப்பதிவு கண்ணுக்குக் குளிர்ச்சி’: ஊட்டியில் எடுத்த படம். சென்னையில் எடுத்தால் ‘கதைக்கேற்ற ஒளிப்பதிவு’.

‘பின்னணி இசை படத்துக்குப் பலம்’: பாட்டு ஒன்றும் தேறவில்லை.

‘இரண்டாம் பாதியில் கொஞ்சம் கத்தரி போட்டிருக்கலாம்’: விமர்சகருக்குப் பசி வந்த இடம்.

‘நல்ல முயற்சி’: படம் அடுத்த வாரம் இராது.

‘ஒரு முறை பார்க்கலாம்’: ஓசியில் பார்த்தவர் காசு கொடுத்துப் பார்க்கப்போகிறவருக்கு அளிக்கும் ஆறுதல்.

இச்சொற்களைக் குறை சொல்வார் உண்டு. நூலாசிரியர் அவ்வாறு கருதவில்லை. நேராகச் சொல்ல முடியாததை இறைச்சியாகவும் உள்ளுறையாகவும் சொல்வது தமிழ் மரபே. நாளிதழைப் பழகிய வாசகர் ‘வந்து போகிறார்’ என்பதைப் படித்ததும் முழுப் படத்தையும் தெரிந்துகொள்கிறார். அவரை யாரும் ஏமாற்றவில்லை.

மாலையார்

வார இதழ்க்காரர். ஒரு காலத்தில் இவர்தாம் ராஜா. காரணம் அவர் மேதைமை மட்டுமன்று. படம் ஓடிய கால அளவு. 1944 தீபாவளிக்கு வந்த ‘ஹரிதாஸ்’ சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளி கண்டது. அப்படிப்பட்ட படத்துக்கு விமர்சனம் இரண்டு வாரம் கழித்து வந்தால் என்ன, இரண்டு மாதம் கழித்து வந்தால் என்ன? நகரத்தில் ஓடி முடித்த பிரதிகள் சிற்றூருக்குப் போகும், அங்கிருந்து டூரிங் டாக்கீஸுக்குப் போகும். விமர்சனம் நடந்தே போனாலும் படத்தைப் பிடித்துவிடலாம்.

இக்குலத்துக்கு முன்னோன் கல்கி. ‘கர்நாடகம்’ என்ற புனைபெயரில் ஆனந்த விகடனில் ‘ஆடல் பாடல்’ எழுதியவர். 1935இல் ‘பக்த நந்தனார்’ வந்தது. நந்தனாராக நடித்த கே.பி. சுந்தராம்பாளுக்கு ஒரு லட்சம் ரூபாய் சம்பளம். அந்நாளில் கேட்டோர் வாய் பிளந்த தொகை. வேதியராக மகாராஜபுரம் விஸ்வநாத ஐயர். இரண்டு பெரும் சங்கீதத்தையும் கேட்டுவிட்டு வந்த கல்கி, நடிப்பில் பாராட்டைப் பனைமரத்துக்கும் எருமைக்கும் வழங்கினார். தமிழ் விமர்சனத்தில் அங்கதம் அன்றே வயதுக்கு வந்துவிட்டது.

மாலையாரின் சொல்லுக்குப் பயன் இருந்தது என்பதற்கு இன்னொரு காட்டு. 1952 தீபாவளிக்கு ‘பராசக்தி’ வந்தபோது தினமணி கதிர் அதைக் கடுமையாகத் தாக்கி எழுதியது. வசனம் எழுதிய கருணாநிதி வழக்குப் போடவில்லை, தடை கேட்கவில்லை. அந்தத் தாக்குதலையே பிடித்துக்கொண்டு ‘பரப்பிரம்மம்’ என்று ஒரு நாடகம் எழுதி, கட்சிக்கு நிதி திரட்ட ஊர் ஊராக நடத்தினார். மோசமான விமர்சனத்தை டிக்கெட் போட்டு விற்ற பெருமை தமிழ்நாட்டுக்கே உரியது.

மதிப்பெண் இடுதல் மாலையாரின் கிளைத்தொழில். விகடன் விமர்சனக் குழு நூற்றுக்கு இத்தனை என்று இட்ட மதிப்பெண்ணை ஒரு தலைமுறை பரீட்சை ரிசல்ட் போலப் பார்த்தது. அதில் 1977இல் வந்த ‘16 வயதினிலே’ பெற்ற 62.5 பெரும்புகழ் பெற்றது. இங்கு ஆராயத்தக்கது 62 அன்று, அந்த அரை. குழு உட்கார்ந்து, 62 குறைவு, 63 அதிகம் என்று வாதாடி, ஓர் அரையில் சமாதானமாகியிருக்க வேண்டும். மயிலின் கண்ணுக்கா, சப்பாணியின் கோணல் நடைக்கா, செட்டுக்குள் அடைபட்டிருந்த கேமராவைப் பாரதிராஜா வயல்வெளிக்கு இழுத்து வந்ததற்கா, எதற்கு அந்த அரை என்று உரையாசிரியர்கள் இன்றும் மாறுபடுவர். இன்று இணையத்தில் ஐந்துக்கு நாலேகால் நட்சத்திரம் வாரம் மூன்று படத்துக்கு விழுகிறது. ஒன்றைக்கூட ஒருவரும் நினைவில் வைப்பதில்லை. கை இறுகிய இடத்தில்தான் அரைக்கு மதிப்பு.

யாமத்தார்

இவர் ஊர் உறங்கியபின் விழித்திருப்பவர். படத்தைப் பற்றி எழுதுவார், படம் கிடைக்காது. 1931இல் வந்த முதல் தமிழ்ப் பேசும்படம் ‘காளிதாஸ்’ இன்று பார்க்கக் கிடைப்பதில்லை. கிடைப்பவை பாட்டுப் புத்தகம், நோட்டீஸ், மஞ்சளித்த பத்திரிகைத் துண்டு. அவற்றை வைத்துக்கொண்டு யாமத்தார் படத்தைத் திரும்ப ஓட்டிக் காட்டுகிறார்.

காட்டு: 1981ஆம் ஆண்டு ஒன்றிலேயே இரண்டு நூல்கள். தியடோர் பாஸ்கரனின் ‘தி மெசேஜ் பேரர்ஸ்’, விடுதலைக்கு முந்திய நாடகத்துக்கும் சினிமாவுக்கும் தேசிய அரசியலோடு இருந்த உறவைச் சொன்னது. யாழ்ப்பாணத்துக் கார்த்திகேசு சிவத்தம்பி, தமிழ்ப் படம் எப்படி அரசியல் தொடர்புச் சாதனம் ஆயிற்று என்று ஆராய்ந்தார். எம்.எஸ்.எஸ். பாண்டியனின் ‘தி இமேஜ் டிராப்’ வந்தது 1992இல், எம்.ஜி.ஆர். மறைந்து ஐந்தாண்டு கழித்து. ‘நாடோடி மன்னன்’ வந்தது 1958இல் என்பதை நினைத்தால், யாமத்தார் அவசரப்படுவதில்லை என்பது புலப்படும். பாஸ்கரனின் ‘தி ஐ ஆஃப் தி செர்பென்ட்’ சினிமா பற்றிய சிறந்த நூலுக்கான தேசிய விருதைப் பெற்றது.

இவ்விடத்தில் ஓர் ஒற்றுமை காண்க. வைகறையார் இன்னும் யாரும் பார்க்காத படத்தைப் பற்றிச் சொல்கிறார். யாமத்தார் இனி யாரும் பார்க்க முடியாத படத்தைப் பற்றிச் சொல்கிறார். இருவரையும் மறுத்துப் பேச ஆள் இல்லை.

பெயர்ச்சியியல்

நூற்பா: பொழுது சாயச் சாயப் பொருள் குறையும், மதிப்பு மிகும்.

உரை: இதுவே விமர்சகர் தொழில்வாழ்வின் சுருக்கம். இருபது வயதில் வைகறையில் தொடங்குபவர், கேமரா வாங்கியதும் நண்பகலுக்கு வருவார். இங்கே வருமானம் உச்சி. பின் மரியாதை வேண்டித் தொண்டை செருமிக்கொண்டு மாலையை நோக்கி நகர்வார். யாமத்தை எட்டுபவர் சிலர். யாமத்தில் சம்பளம் இல்லையாதலால் வேறு வேலை வேண்டும்: பாஸ்கரன் அஞ்சல் துறையில் உயர் அதிகாரி, சிவத்தம்பி பல்கலைக்கழகப் பேராசிரியர், பாண்டியன் ஆய்வு நிறுவனத்தில் இருந்தார். விமர்சனத்தால் வாழ்ந்தவர் யார் என்று தேடுவதைவிட, விமர்சனத்தை எந்தச் சம்பளம் வாழவைத்தது என்று தேடுவது எளிது.

நேர்வழியில் போகாமல் இடையில் தாவுவோரும் உளர்.

ஒரு தாவல், திரைக்கு உள்ளே. இதற்குப் பிரான்சு நாட்டுக் காட்டு பெரிது. பிரான்சுவா த்ரூஃபோ பிரெஞ்சுப் படங்களைக் கிழித்த கிழிப்பில் 1958 கான் விழாவுக்கு அவரை அழைக்காமலே விட்டார்கள். மறு ஆண்டு ‘400 புளோஸ்’ என்ற தம் முதல் முழுநீளப் படத்தோடு போய் அங்கேயே சிறந்த இயக்குநர் விருது வாங்கினார். தமிழில் ‘புளூ சட்டை’ மாறன் 2021இல் ‘ஆன்டி இண்டியன்’ எடுத்தார். அந்த வாரம் கோடம்பாக்கமே விமர்சகரானது. திறனாய்வில் இத்தனை ஆர்வம் அங்கே அதற்கு முன்னும் பின்னும் காணப்படவில்லை.

இரண்டாம் தாவல், மேசைக்கு அந்தப் பக்கம். ‘நாடோடி மன்னன்’ தொடங்கி மக்கள் தொடர்பாளராக அறியப்பட்ட பிலிம் நியூஸ் ஆனந்தன் நல்லது கெட்டது சொல்லவில்லை. எந்தப் படம், எந்த நாள், யார் யார் என்று சேர்த்துக்கொண்டே போனார். அவர் சேர்த்ததைப் பின்னாளில் தமிழ்நாடு அரசே வாங்கிக்கொண்டது. கருத்துச் சொன்னவர் எவருடைய கருத்தையும் அரசு விலைக்கு வாங்கியதாகத் தகவல் இல்லை.

மூன்றாம் தாவல், கத்தரிக்கோலிடம். அசோகமித்திரன் ஜெமினி ஸ்டூடியோவில் 1966 வரை பணியாற்றியவர். பத்திரிகைச் செய்திகளைக் கத்தரித்துக் கோப்பில் சேர்ப்பது அங்கே அவருக்கிருந்த வேலைகளில் ஒன்று. ஸ்டூடியோவுக்கு முதலாளி எஸ்.எஸ். வாசன், ஆனந்த விகடனுக்கும் அவரே முதலாளி. படம் எடுப்பதும் பத்திரிகை நடத்துவதும் பத்திரிகையைக் கத்தரிப்பதும் ஒரே சம்பளப் பட்டியலில் வரும் அமைப்பு இனி வாராது. பட்டியலில் இருந்த மூவருள், கத்தரித்தவரே பெரிய எழுத்தாளர் ஆனார்.

நான்காவது, தாவாமல் இருந்த இடத்திலேயே விருது பெறுதல். அரிது. 2005ஆம் ஆண்டுக்கான சிறந்த திரை விமர்சகர் தேசிய விருதைப் பெற்ற பரத்வாஜ் ரங்கன் காட்டு.

போலி

பொழுது ஆறுக்கும் அடங்காமல் விமர்சகர் வேடத்தில் திரிவது போலி. இதற்குத் திரையில் உள்ளது பொருளன்று. திரைக்குப் பின்னால் யார் வீட்டில் யார் என்பதே பொருள். ‘சினிமா தூது’, ‘இந்துநேசன்’ நடத்திய லட்சுமிகாந்தன் 1944 நவம்பரில் சென்னையில் கத்திக்குத்துப்பட்டு இறந்தார். அவ்வழக்கில் ‘ஹரிதாஸ்’ நாயகர் தியாகராஜ பாகவதரும் என்.எஸ். கிருஷ்ணனும் தண்டனை பெற்று, 1947இல் விடுதலையானார்கள். ‘ஹரிதாஸ்’ ஓடிக்கொண்டே இருந்தது. ஹரிதாஸ் சிறையில் இருந்தார். போலியைப் பற்றி இதற்கு மேல் சிரிக்க இடமில்லை.

தடை விடை

தடை: பொழுதால் வகுப்பது வெறும் விளையாட்டன்றோ? ரசனை, நேர்மை, படிப்பு இவையெல்லாம் எங்கே போயின?

விடை: அவை உள்ளன. ஆனால் அவற்றை யாரும் நீதிமன்றத்துக்குக் கொண்டு போனதில்லை. பொழுதைக் கொண்டு போனார்கள். படம் வெளியான முதல் மூன்று நாளைக்கு இணையத்தில் விமர்சனம் கூடாது என்று தயாரிப்பாளர் அமைப்பு ஒன்று சென்னை உயர் நீதிமன்றத்தை அணுகியது. விமர்சனம் கருத்துரிமையைச் சார்ந்தது என்ற நிலையில், 2024 டிசம்பரில் நீதிமன்றம் இடைக்காலத் தடை விதிக்க மறுத்தது. மனுவின் கணக்கை ஊன்றிப் பார்க்க. நேர்மையற்ற விமர்சனத்தைத் தடுக்கச் சொல்லவில்லை. சீக்கிரமான விமர்சனத்தைத் தடுக்கச் சொன்னது. நான்காம் நாள் நேர்மையில்லாமல் எழுதினாலும் பரவாயில்லை, மூன்றாம் நாள் நேர்மையாகவும் எழுதக்கூடாது. வைகறையாரையும் நண்பகலாரையும் சட்டத்தால் மாலையார் ஆக்கும் முயற்சி இது.

காரணம் வெளிப்படை. அன்று ஒரு படம் நூறு நாள் ஓடிச் சம்பாதித்ததை இன்று ஒரே வெள்ளிக்கிழமை நூற்றுக்கணக்கான திரைகளில் இறங்கி, திங்கட்கிழமைக்குள் எடுத்துவிட வேண்டும். நான்கு வாரத்தில் ஓடிடிக்கு வந்துவிடும். விமர்சகர் வேகமாகிவிட்டார் என்று குறை சொல்கிறார்கள். படம்தான் முதலில் ஓடத் தொடங்கியது. பின்னால் ஓடியவருக்கு மூச்சு வாங்குகிறது, அவ்வளவே. திங்கட்கிழமை விமர்சகர்மேல் இதுவரை வழக்கு ஒன்றும் இல்லை. அத்தொழிலில் இருப்பவர்க்கு இதைவிடப் பெரிய அவமானம் வேறில்லை.

புறனடை

கூறாதன பல. படத்தைப் பார்க்காமலே நண்பன் சொன்னதை வைத்து டீக்கடையில் தீர்ப்பளிப்பவர், தூங்கிவிட்டு வந்து ‘ஸ்லோ’ என்பவர், ‘கொரியப் படத்தின் காப்பி’ என்பதோடு நிறுத்திக்கொள்பவர் ஆகியோரைக் கற்றோர் ஏற்ற பொழுதில் சேர்த்துக்கொள்க.

எஞ்சியிருப்பது பயன் கூறுதல். விமர்சனத்தால் படத்துக்கு நட்டம் எவ்வளவு என்று மூன்று நாள் கணக்குப் பார்க்கிறார்கள். ‘பக்த நந்தனார்’ இன்று பார்க்கக் கிடைக்கவில்லை. லட்ச ரூபாய் நடிப்பைக் காண வழியில்லை. ஆனால் பனைமரமும் எருமையும் நன்றாக நடித்தன என்பது மட்டும் தொண்ணூறு ஆண்டாக ஊருக்கெல்லாம் தெரிந்திருக்கிறது. ஆகவே தயாரிப்பாளர்கள் அடுத்த மனுவில் வைகறையாரை விட்டுவிட்டு, நல்ல நகைச்சுவை உள்ள மாலையார்மேல் நூறாண்டுத் தடை கேட்பதே இலக்கணப்படி சரி.